முகம் சொல்கிற கூட்டம்

பல்செட் செய்கிறவர் இலக்கிய விமர்சனம் எழுதுகிறார் என்றால் யாருக்கும் சிரிப்பு வரத்தான் செய்யும். சிரித்து முடித்துவிட்டே வாருங்கள், அவசரமில்லை. அவருடைய பிழைப்பு பல் ஆஸ்பத்திரியின் பின்பக்க அறையில். முன்னால் டாக்டரம்மா பல்லைப் பிடுங்குவார், பின்னால் இவர் உட்கார்ந்து புதுப் பல் கட்டுவார். நோயாளியின் வாயில் எடுத்த அச்சு எச்சில் ஈரத்தோடு மேஜைக்கு வரும். அதில் பிளாஸ்டரைக் கரைத்து ஊற்றிவிட்டு, இறுகும்வரை சும்மா இருக்க வேண்டும். அந்தச் சும்மாவில்தான் மனிதர் கெட்டுப்போனார். காத்திருப்பு அறையில் கிடந்த பழைய பத்திரிகைகளில் ஆரம்பித்து, நாவல்களுக்குப் போய், நாவல்களைப் பற்றி நாவலைவிடத் தடியாக எழுதப்பட்ட புத்தகங்களுக்குப் போய், கடைசியில் தானே பேனாவைத் திறந்துவிட்டார்.

எழுதியதும் லேசுப்பட்ட விஷயமில்லை. இன்றைய நாவல்களில் கற்பனை, ஆசை, பக்தி மூன்றும் எங்கே போய் ஒன்றாகின்றன என்று ஒரு சிறுபத்திரிகையில் தொடராக எழுதினார். அந்தப் பத்திரிகையின் வாசகர்கள் எல்லோரையும் ஒரே வேனில் ஏற்றிவிடலாம், டிரைவர் பக்கத்து சீட்டும் காலியாக இருக்கும். அதனால் என்ன? அவர் சொன்னது இதுதான்: பழைய புலவர்கள் சாமியைப் பாதத்திலிருந்து உச்சிவரை பாடினார்கள், கால் நகத்தைக்கூட விடவில்லை. இன்றைய நாவலாசிரியரோ, கதாநாயகன் எவளுக்காக உயிரை விடுகிறானோ அவளுக்கு முகமே எழுதுவதில்லை. அது சோம்பேறித்தனம் இல்லை. சாமி எழுந்து போன இடத்தைக் காலியாகவே வைத்திருக்கிறார். படிக்கிறவன் தன் ஆசையைக் கொண்டுவந்து அங்கே உட்கார வைக்கிறான். ஆசைப்பட்டால்தான் முகம் தெரியும், முகம் தெரிந்தால்தான் கும்பிடத் தோன்றும்.

படித்துவிட்டு டாக்டரம்மாவே அசந்துபோனார். இதில் ஒரே ஒரு சங்கடம். எழுதியவருக்குக் கண்ணை மூடினால் ஒன்றுமே தெரியாது.

இதை அவரே கல்யாணத்துக்குப் பிறகுதான் கண்டுபிடித்தார். மனைவி ஒரு நாள் மத்தியானம் நாவல் ஒன்றைப் படித்துவிட்டு மூக்கைச் சிந்திக்கொண்டிருந்தாள்.

"அந்த மாடிப்படியில அவ உக்காந்திருக்கிறது அப்படியே கண்ணு முன்னாடி நிக்குதுங்க" என்றாள்.

"நிக்குதா? எங்க நிக்குது?"

அவள் கிண்டல் என்று நினைத்துக்கொண்டாள். பிறகு அவர் முகத்தைப் பார்த்துவிட்டுப் புத்தகத்தை மூடி வைத்தாள். "கண்ண மூடுங்க. என் முகத்த நெனச்சுப் பாருங்க. என்ன தெரியுது?"

"இருட்டு."

"கொஞ்சம்கூடத் தெரியலையா? மூக்கு, கண்ணு?"

"உனக்கு மூக்கு கொஞ்சம் கூர்மைன்னு தெரியும். சொல்லத் தெரியும். கண்ணுக்கு ஒண்ணும் வரல."

அவள் அவருடைய கன்னத்தைத் தட்டி, "பரவால்ல விடுங்க, நான்தான் எதிர்லயே இருக்கேனே" என்றாள். அவருக்கு அந்த ஒரு வாக்கியம் போதுமானதாக இருந்தது. பல வருஷம் போதுமானதாகவே இருந்தது.

பல் ஆஸ்பத்திரிக்கு ஞாயிறு விடுமுறை. அன்று மத்தியானம் காத்திருப்பு அறையில் வாசகர் கூட்டம் நடக்கும். சுவரோரம் ஒரே இரும்புச் சட்டத்தில் பிணைத்த நாற்காலி வரிசைகள் இரண்டு, எதிரெதிராக. ஒரு வரிசையில் டாக்டரம்மா, கணக்கு டீச்சர், பிறகு வந்து சேர்ந்த லிஃப்ட் மெக்கானிக். எதிரே இவர். அந்தக் கூட்டத்துக்கு ஒரு முறை உண்டு. புத்தகத்தைப் பற்றி வாயைத் திறப்பதற்கு முன்னால், அதில் ஆசிரியர் முகம் எழுதாமல் விட்ட ஒருவரை எடுத்துக்கொள்வார்கள். எல்லோரும் கண்ணை மூடிக்கொண்டு, தனக்குத் தெரிகிற முகத்தை ஒவ்வொருவராகச் சொல்ல வேண்டும். முகம் சொல்வது என்று அதற்குப் பெயர். இவருடைய கட்டுரையைப் படித்துவிட்டு டாக்டரம்மா ஏற்படுத்திய முறை. வாயைக் கொடுத்து மாட்டிக்கொள்வது என்பது இதுதான்.

கற்பனையைப் பற்றி மூச்சுவிடாமல் எழுதுகிறவர், எனக்கு ஒன்றும் தெரியவில்லை என்று சொல்ல முடியுமா? மானம் போய்விடாதா? ஆகவே ஒவ்வொரு ஞாயிறும் சாப்பாடு முடிந்ததும் மனைவியை ஜன்னல் பக்கம் உட்கார வைத்து ஏதாவது ஓர் அங்கத்தைப் பார்த்து, சொல்லாக மாற்றி மனப்பாடம் செய்துகொண்டு போவார். இடது புருவம் வலதைவிடக் கொஞ்சம் மேலே. காது மடல் கன்னத்தோடு ஒட்டினாற்போல. கழுத்தில் மூன்று மெல்லிய கோடு.

"இன்னைக்கு எதத் தூக்கிட்டுப் போறீங்க?" என்பாள் அவள்.

"கழுத்து."

"யாருக்கு?"

"புருஷனுக்கு விஷம் வைக்கிறாளே, அவளுக்கு."

"கொலைகாரிக்கு என் கழுத்தா! நல்லா இருக்கே நியாயம். போன வாரம் காதக் கொண்டுபோய் ஒரு சாமியாரிணிக்குக் குடுத்தீங்க."

நீயும் ஒரு நாள் வாயேன் என்று கூப்பிட்டால் வரமாட்டாள். "வந்தா அத்தன பேரும் என்னக் கண்டுபிடிச்சிடுவாங்க. அப்புறம் உங்க வண்டவாளம் தண்டவாளம் ஏறிடும்" என்று சிரிப்பாள். அவர் புளுகுவதைப் பிடிப்பதில் அவளுக்கு அப்படி ஒரு குஷி.

அவள் போனது திடீரென்று. காலையில் தலைக்குக் குளித்துத் துண்டு சுற்றிக்கொண்டு துணி உலர்த்தப் போனவளை, மத்தியானம் மூளையில் ரத்தக்குழாய் வெடித்துவிட்டது என்று சொல்லித் திருப்பிக் கொடுத்தார்கள். எல்லாம் முடிந்து, வந்தவர்கள் போன பிறகு, அவர் கட்டிலில் உட்கார்ந்து கண்ணை மூடினார். இருட்டு. புகைப்படத்தை எடுத்துப் பார்த்தார். பார்க்கிறவரை இருந்தாள். கண்ணை எடுத்தால் இல்லை. டாக்டரம்மாவிடம் வேலைக்குச் சேர்வதற்கு முன்னாலேயே அவளுடைய உடைந்த கோரைப்பல்லுக்குப் பொய்ப்பல் கட்டியது அவர்தான், அப்படித்தான் பழக்கமே ஆனது. பல் நிற அட்டையில் எத்தனையாவது நிறத்தைத் தேர்ந்தெடுத்தார் என்பதுகூட ஞாபகம் இருந்தது. அந்த நிறம் ஞாபகம் இல்லை.

ஊரில் எல்லோரும், "மனசுல இருக்காங்க சார், எங்கயும் போகல" என்றார்கள். அவருக்குக் கத்த வேண்டும்போல இருந்தது. அவர் மனசில் யாரும் இல்லை. சில வாக்கியங்கள்தான் கிடந்தன. ஒரே ஒரு தடவை, ஒரே ஒரு நிமிஷம் அவள் முகம் உள்ளே தெரிந்தால் போதும், மற்றதெல்லாம் போனால் போகட்டும் என்று தவியாய்த் தவித்தார். சாமி கும்பிடத் தெரியாத மனிதர் அவர். இருந்தும் தினமும் கண்ணை மூடி உட்கார்ந்தார். யாராவது பார்த்திருந்தால் தியானம் என்று சொல்லியிருப்பார்கள்.

சில மாதம் கழித்துக் கூட்டத்துக்குத் திரும்பினார். அன்றைய நாவல் ஒரு படகோட்டியைப் பற்றியது. அக்கரையில் இறங்கிப் போன ஒருத்திக்காக வாழ்நாள் முழுக்கக் காத்திருக்கிறான். அவளுக்குப் பெயர் உண்டு, குடை உண்டு, முகம் மட்டும் இல்லை. வழக்கம்போல முகம் சொல்லத் தொடங்கினார்கள்.

டாக்டரம்மா கண்ணை மூடிக்கொண்டு சொன்னார். "கூர் மூக்கு. இடது புருவம் கொஞ்சம் மேல. தலைக்குக் குளிச்சுட்டுத் துண்டு சுத்தியிருக்காங்க."

லிஃப்ட்காரர் சொன்னார். "எனக்கும் துண்டுதான் மேடம். காது மடல் கன்னத்தோட ஒட்டுனாப்ல இருக்கு."

கணக்கு டீச்சர் கண்ணைத் திறக்காமலே, "கழுத்துல மெல்லிசா மூணு கோடு" என்றார்.

பல்செட்டுக்காரருக்கு முகத்தில் ஈயாடவில்லை. ஆனாலும் விமர்சகர் இல்லையா, காரணம் தயாராக இருந்தது. இத்தனை வருஷம் நான் விதைத்ததுதான் முளைத்திருக்கிறது, இதில் என்ன அதிசயம் என்று தன்னையே சமாதானப்படுத்திக்கொண்டார். காதைச் சொன்ன நாளில் லிஃப்ட்காரர் கூட்டத்திலேயே சேரவில்லை என்பதையும், துண்டைத் தான் யாருக்கும் கொடுக்கவே இல்லை என்பதையும் நினைக்காமல் இருக்கப் பார்த்தார். அந்தச் சமயத்தில் டீச்சர் இன்னொன்று சொன்னார்.

"ஏதோ கவனிச்சுக் கேக்குறாங்க போல. ஒரு பக்கக் கன்னத்த உள்ளுக்குள்ள கடிச்சுக்கிட்டு இருக்காங்க. வலது பக்கம்."

பொய்ப்பல் இருந்தது வலது பக்கம். புதிதாகக் கட்டிய நாளிலிருந்து அவளுக்கு அந்தப் பழக்கம். அதை அவர் எந்தக் கதாபாத்திரத்துக்கும் தானம் செய்ததில்லை. தனக்கென்று வைத்துக்கொண்டது அது ஒன்றைத்தான்.

மறு வாரம் ஆஸ்பத்திரியில் கூட்டம் அதிகம். பின்பக்க அறையின் கண்ணாடி வழியாகப் பார்த்தால் காத்திருப்பு அறை தெரியும். கன்னம் வீங்கினவர்கள், கைக்குட்டையை வாயில் வைத்துக்கொண்டவர்கள் என்று நிற்க இடமில்லை. வரிசையில் ஒரு நாற்காலி மட்டும் காலியாக இருந்தது. யாரும் அதில் உட்காரவில்லை. ஒருத்தி தன் கைப்பையை அதில் வைக்கப் போய், "மன்னிச்சுக்குங்க" என்று முணுமுணுத்துவிட்டு மடியிலேயே வைத்துக்கொண்டாள். பல்செட்டுக்காரர் கையில் இருந்த மெழுகுப் பல் நசுங்கிப்போனது. வெளியே போய் அந்த நாற்காலியையே பார்த்துக்கொண்டு நின்றார். வெறும் நாற்காலி. உலகத்துக்கே தெரிகிறவள் தனக்கு மட்டும் தெரியமாட்டாள் என்பது என்ன கொடுமை! பயம் ஒரு பக்கம், பொறாமை ஒரு பக்கம்.

அன்று சாயங்காலமே மச்சினனைத் தேடிப் போனார். அவளுடைய தம்பி, டயர் கடை வைத்திருக்கிறான். செய்தித்தாளில் ராசிபலனைத் தவிர வேறெதையும் படிக்காதவன்.

"ஞாயித்துக்கிழமை கூட்டத்துக்கு வா. அவங்க சொல்றது உங்க அக்காதானான்னு நீ கேட்டுச் சொல்லணும். எனக்குச் சரிபார்க்க உள்ள ஒண்ணுமே இல்லடா" என்றார்.

"என்ன மாமா, புத்தகம் படிச்சுப் படிச்சு மூள சூடாயிடுச்சா? அக்காவா இருந்தா நான் அங்கயே கும்புட்டுட்டு ஓடிப்போயிடுவேன், இப்பவே சொல்லிட்டேன்."

ஆனாலும் வந்தான். ஞாயிறு மத்தியானம், வெளியே வெயில் கொளுத்த, கதவோரமாக ஹெல்மெட்டை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தான். அன்று யாரும் புத்தகத்தைத் திறக்கவில்லை.

டாக்டரம்மாதான் ஆரம்பித்தார். "சார், உங்ககிட்ட மறைக்கிறதுக்கு என்ன. போன கூட்டத்துலேருந்து நான் எதப் படிச்சாலும் அவங்கதான் வர்றாங்க. எந்தக் கதையா இருந்தாலும் சரி."

"கதையாவது பரவால்ல மேடம்," என்றார் லிஃப்ட்காரர். "நான் புது லிஃப்ட்டோட மேனுவலப் படிச்சேன். எத்தன பேர் ஏறலாம்னு போட்டிருந்த எடத்துல அவங்க நிக்கிறாங்க."

யாராவது சிரித்திருக்கலாம். யாரும் சிரிக்கவில்லை.

கணக்கு டீச்சர் நேராகக் கேட்டார். "யாரு சார் அது? எங்களுக்குத் தெரியாதவங்க. உங்களுக்குத் தெரிஞ்சவங்கன்னு தோணுது."

"என் வீட்டுக்காரி" என்றார் பல்செட்டுக்காரர்.

சுவரில் மின்விசிறி மட்டும் தலையைத் திருப்பித் திருப்பிக் காற்றடித்துக்கொண்டிருந்தது.

"அப்ப உங்களுக்கும் அவங்கதான் தெரியறாங்களா சார்?"

"எனக்கு யாரும் தெரியறதில்ல டீச்சர். எப்பவும் தெரிஞ்சதில்ல. நான் சொன்ன முகம் எல்லாம் வீட்லேருந்து எடுத்துட்டு வந்தது. இப்ப வீட்ல எடுக்கிறதுக்கு ஒண்ணும் இல்ல. உங்ககிட்டதான் இருக்கு. தயவுபண்ணி ஒரு தடவ கண்ண மூடுங்க. அவ என்ன பண்றான்னு மட்டும் சொல்லுங்க. எனக்குத் தெரியாட்டியும் பரவால்ல, கேட்டுக்கிறேன்."

அவர்கள் கண்ணை மூடினார்கள். சொல்லி வைத்தாற்போல மூன்று முகங்களும் எதிர் வரிசையின் கடைசி நாற்காலிப் பக்கம் திரும்பின. அது இவர் வரிசைதான். நடுவில் இரண்டு நாற்காலி.

"உக்காந்திருக்காங்க" என்றார் டாக்டரம்மா. "துண்டு இல்ல. தலைய வாரி முடிஞ்சிருக்காங்க."

"என்னப் பாக்குறாளா?"

டாக்டரம்மா தயங்கித் தயங்கிச் சொன்னார். "இல்ல சார். கண்ண மூடிக்கிட்டு இருக்காங்க. நம்ம மாதிரியே. ஏதோ முகத்த ஞாபகத்துக்குக் கொண்டுவரப் பாக்குற மாதிரி இருக்கு. நெத்தியச் சுருக்கிச் சுருக்கிப் பாக்குறாங்க."

"வரல போல" என்றார் லிஃப்ட்காரர் மெதுவாக. "பாவமா இருக்கு சார்."

அவள் இருக்கிற இடத்தில் அவளுக்கும் இருட்டா? இத்தனை நாளாக அவளும் இப்படித்தான் ஒரு கட்டில் ஓரத்தில் கண்ணை மூடிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறாளா? நான் தெரியவில்லை என்றால் அவளுக்கு எதிரே யார் இருப்பார்கள்? பயம் எங்கே போனது என்று தெரியவில்லை. அவர் அந்தக் காலி நாற்காலியைப் பார்த்துத் திரும்பி உட்கார்ந்து, கூட்டத்தில் பேசுகிற குரலில், தன் முகத்தைச் சொல்ல ஆரம்பித்தார்.

"முகம் நீட்டு. நெத்தி அகலம். மூக்குல கண்ணாடி உக்காந்து உக்காந்து ரெண்டு பக்கமும் பள்ளம். மீச எடுத்தாச்சு, பிளாஸ்டர் தூசி ஒட்டுதுன்னு நீதான் எடுக்கச் சொன்ன. மோவாய்ல ஒரு தழும்பு, சின்ன வயசுல சைக்கிள்லேருந்து விழுந்தது."

ஹெல்மெட்டின் கண்ணாடியில் மச்சினனின் விரல்கள் பதிந்திருந்தன.

அவருக்கு அடுத்து என்ன சொல்வதென்று தெரியவில்லை. உள்ளதைச் சொன்னால் அழுதுவிடுவார். கன்னம் ஒட்டிப்போனதை, கண் குழி விழுந்ததை அவளிடம் எப்படிச் சொல்வது? வாயில் வந்ததை அடித்துவிட்டார். "முடி இன்னும் நல்லா அடர்த்தியா இருக்கு. ஒண்ணுகூட நரைக்கல."

உள்ளது என்னவென்றால், அவர் தலை பல்செட் மாதிரியே பாலிஷ் போட்டுப் பளபளவென்று இருந்தது.

அப்போதுதான் அது நடந்தது. கண்ணை மூடியபடியே இருந்த அந்த மூன்று பேருடைய தலையும், யாரோ எழுந்து நடந்து வருவதைப் பார்க்கிற வேகத்தில், கடைசி நாற்காலியிலிருந்து மெல்ல மெல்ல இவர் பக்கம் திரும்பியது. மூன்றும் ஒரே சமயத்தில் இவருடைய தோளுக்குப் பின்னால் இருந்த இடத்தைப் பார்த்து நின்றன. கதவோரமாகக் கண்ணைத் திறந்துகொண்டு உட்கார்ந்திருந்த மச்சினனுக்கு அந்தத் தலைகள்தான் தெரிந்தன. வேறு ஒன்றும் தெரியவில்லை. பார்க்கமாட்டேன் என்று பிடிவாதமாக இருந்தவன் தானும் கண்ணை மூடினான். உடனே அவன் வாய் கோணியது.

"அக்கா..." என்றான். ஓடவில்லை.

"என்னடா? என்ன பண்றா?"

டாக்டரம்மாதான் சொன்னார். "கண்ணத் தெறந்துட்டாங்க சார். உங்க பின்னாடி நிக்கிறாங்க. உங்க தலைல கைய வச்சுத் தடவிப் பாத்துட்டு... சிரிக்கிறாங்க. வாயப் பொத்திக்கிட்டு அப்படிச் சிரிக்கிறாங்க."

பல்செட்டுக்காரர் திரும்பவில்லை. திரும்பினால் என்ன தெரியும் என்று அவருக்குத் தெரியும். தலையை ஆட்டாமல், கழுத்து விறைத்துப்போகும்படி நேராக உட்கார்ந்திருந்தார். உச்சந்தலையில் எந்தத் தொடுகையும் இல்லை, மின்விசிறிக் காற்றுதான். அவள் சிரித்து முடித்தால் போய்விடுவாளோ என்று அவருக்குப் பதறியது. வாழ்நாளில் எதையும் கற்பனை செய்து பார்க்காதவர், அடுத்த பொய்யை அவசர அவசரமாகத் தேடினார்.

"உடம்பு நல்லா தேறியிருக்கு," என்றார். "வேளாவேளைக்குச் சமைச்சுச் சாப்பிடுறேன். ரசம்கூட வைக்கக் கத்துக்கிட்டேன். ராத்திரி படுத்தா அடிச்சுப் போட்ட மாதிரி தூக்கம்."

கண்ணீர் மோவாய்வரை வந்துவிட்டது. அவர் துடைக்கவில்லை.

"இன்னும் சிரிக்கிறாங்க சார்," என்றார் டாக்டரம்மா, கண்ணைத் திறக்காமலே. "சொல்லுங்க. நிறுத்தாம சொல்லுங்க."